துர்க்கை மண்: சந்தேகங்களும் விளக்கங்களும்

கொல்கத்தாவின் செக்டர் ஃபைவில் வேலை கிடைத்து சால்ட் லேக்கில் குடியேறும் நம்மவர்களுக்கு முதல் பூஜை சீசனிலேயே யாராவது ஒரு கதை சொல்லிவிடுவார்கள். பாலியல் தொழிலாளர் வீட்டு வாசல் மண் கலந்தால்தான் துர்க்கை சிலைக்குச் சக்தி வருமாம். பிளாக்குக்கு ஒரு பந்தல் போடும் ஊரில் இந்தக் கதையிலிருந்து தப்ப முடியாது. வழக்கமாக எழும் சந்தேகங்களைப் பார்ப்போம்.

அந்த மண் இல்லாவிட்டால் சிலை செல்லாதா?

சப்தமி காலையில் அம்மனுக்கு மகாஸ்நானம் நடக்கும். அதற்கான பொருள்களில் பல வகை மண் உண்டு: அரண்மனை வாசல் மண், நாற்சந்தி மண், ஆற்றின் இரு கரை மண், பன்றி கிளறிய மண். அவற்றில் ஒன்றுதான் இந்த வாசல் மண். சிலை பச்சை மண் என்பதால் தண்ணீர் ஊற்றினால் கரைந்துவிடும். ஆகவே எதிரே ஒரு கண்ணாடியை வைத்து அதில் தெரியும் பிம்பத்துக்குத்தான் அபிஷேகம். சிலை வனையும் களிமண்ணிலும் ஒரு சிட்டிகை சேர்ப்பது, சிலை செய்வோரின் பேட்டையான குமர்டுலியில் கைவினைஞர்களின் வழக்கம். இப்போது பூஜைச் சாமான் கடைகளில் பொட்டலமாகவே கிடைக்கிறது. உள்ளே இருப்பது எந்த வாசலின் மண் என்று கடைக்காரரே சத்தியம் செய்யமாட்டார்!

அந்த வாசலுக்கு மட்டும் என்ன புனிதம்?

உள்ளே நுழையும் ஆண் தன் புண்ணியத்தை வாசலிலேயே விட்டுவிட்டுப் போகிறான், அதனால் அந்த மண் புனிதமாகிறது என்பது பரவலான விளக்கம். ஒதுக்கப்பட்டவர்களையும் பூஜையில் சேர்த்துக்கொள்ளும் ஏற்பாடு என்பது இன்னொன்று. இரண்டாவது கேட்க இதமாக இருக்கிறது, ஆனால் நடப்பு அப்படி இல்லை. மண்ணை வாங்கிக்கொண்டார்கள், பெண்களைப் பந்தலுக்கு அழைக்கவில்லை. பாலியல் தொழில் நடக்கும் சோனாகாச்சியில் தாங்களே பூஜை நடத்த, அந்தத் தொழிலாளர்களின் அமைப்பான துர்பார் மகிளா சமன்வய கமிட்டி கல்கத்தா உயர்நீதிமன்றம் வரை போய், 2013-ல் அனுமதி பெற வேண்டியிருந்தது. மண் தரமாட்டோம் என்று அங்குள்ள பெண்கள் சொல்லியதும் உண்டு. என்னைக் கேட்டால், இந்தக் கதையைச் சொல்கிறவர்கள் அதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

பத்தடி உயரச் சிலை, சுடாத மண்ணில் எப்படி நிற்கிறது?

மாயம் என்று ஒன்று இருந்தால் அது இங்கேதான். முதலில் மூங்கிலும் மரமும் வைத்துச் சட்டம். அதன்மேல் வைக்கோலைச் சணல் கயிற்றால் இறுக்கிக் கட்டி உடம்பின் வடிவம். மண் இரண்டு வகை. உலுபேரியா பக்கமிருந்து படகில் வரும் எண்ட்டெல் மாட்டி பிசுபிசுப்பான கருங்களி. பேலே மாட்டி மணல் கலந்த மென்மண். களிமண் துகள்கள் மிக நுண்ணிய தகடுகள் போன்றவை. நடுவில் தண்ணீர் இருக்கும்வரை ஒன்றன்மேல் ஒன்று வழுக்கும், எந்த வடிவத்துக்கும் வளையும். காயும்போது தண்ணீர் போய், மண் சுருங்கி வெடிக்கும். அதற்காகத்தான் முதல் பூச்சில் உமியைக் கலக்கிறார்கள், மேல் பூச்சில் சணல் நார். சுருங்கும் இழுவையை நார் தாங்கிக்கொள்கிறது. அப்படியும் வரும் வெடிப்புகளை, மண்குழம்பில் நனைத்த துணிப் பட்டைகளை ஒட்டி மூடுவார்கள். முகம் அச்சில் வார்ப்பது, விரல்கள் தனியே செய்து பொருத்துவது.

பிறகு சுண்ணமண்ணை புளியங்கொட்டைப் பசையில் கரைத்து வெள்ளைப் பூச்சு. நம் ஊர்ப் புளியங்கொட்டைதான்! அதன்மேல்தான் நிறம். கண் திறப்பது மரபுப்படி மகாளயத்தன்று. இத்தனையும் மழைக்காலத்தில் நடக்க வேண்டும் என்பதுதான் கொடுமை. பிளாஸ்டிக் விரிப்புக்கு அடியில் மின்விசிறியும் தீயும் வைத்துக் காயவைக்கிறார்கள்.

சுட்டுவிட்டால் உறுதியாக இருக்குமே?

இருக்கும், ஆனால் கரையாது. நம் வேளார்கள் செய்யும் ஐயனார் குதிரை சூளையில் வெந்து, பல வருடம் வெயிலிலும் மழையிலும் நிற்பதற்கானது. துர்க்கை தசமியன்று தண்ணீருக்குள் போக வேண்டியவள். சுடாத மண்ணில் நீர் புகுந்தால் துகள்கள் மறுபடி பிரிந்து சேறாகிவிடும்.

அப்படியானால் ஆற்றுக்குக் கேடு இல்லையா?

மண்ணாலும் வைக்கோலாலும் பெரிய கேடில்லை. கெடுப்பது ஈயம் கலந்த வண்ணம், தெர்மாகோல், பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ். மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2020-ல் திருத்திய வழிகாட்டு நெறிகள் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் சிலைகளைத் தடுக்கின்றன. தமிழ்நாட்டில் 2023 செப்டம்பரில் அத்தகைய பிள்ளையார் சிலைகளை வைத்து உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் நடந்த வழக்கு நினைவிருக்கலாம். தனி நீதிபதி விற்பனைக்கு அனுமதித்தார், மறுநாளே இரு நீதிபதிகள் அமர்வு அதை நிறுத்திவைத்தது. இங்கே சால்ட் லேக்கின் பரிபேஷ் பவனில் இயங்கும் மாநில வாரியம், ஈயமில்லாத வண்ணங்களைக் கைவினைஞர்களுக்குக் கொடுத்துப் பழக்கியது. கொல்கத்தா படித்துறைகளில் சிலை மூழ்கியதும் கிரேன் வந்து சட்டத்தைத் தூக்கிவிடுகிறது. அதைத் திரும்பப் பயன்படுத்த வாங்குவோரும் உண்டு.

சால்ட் லேக்கே கங்கை மண்தானாமே? இங்கேயே தோண்டிச் சிலை செய்யலாமா?

முதல் பாதி உண்மை. அன்றைய முதலமைச்சர் பிதான் சந்திர ராயின் கனவு இந்த ஊர். 1962-ல் பணி தொடங்கி, கங்கையின் கிளையான ஹூக்ளியில் தூர்வாரிய வண்டலைத் தண்ணீரோடு கரைத்து, நகரத்தைத் தாண்டிக் குழாய் வழியே கொண்டுவந்து உப்பேரியில் கொட்டினார்கள். நீர் வடிந்தது, மண் தங்கியது. யுகோஸ்லாவிய நிறுவனம் செய்த வேலை. நகரத் திட்டத்தை வரைந்த டோஷ்கோவிச்சும் யுகோஸ்லாவியர்தான்.

ஆனால் நிலத்தை மேடாக்கக் கொட்டிய மணலும் வண்டலும் சிலைக்கு ஆகாது, பிடிப்புப் போதாது. வீட்டில் சின்னதாகப் பிள்ளையாரோ கொலு பொம்மையோ செய்ய ஆசைப்பட்டால் குமர்டுலியில் எண்ட்டெல் மாட்டி கேட்டு வாங்குங்கள். ஷோபாபஜார் மெட்ரோவில் இறங்கி நடக்கும் தூரம்தான். சிலைக்கு ஆர்டர் கொடுப்பது ரத யாத்திரையையொட்டித் தொடங்கிவிடும். மகாளயம் நெருங்க நெருங்க அந்தச் சந்துகளில் கேமராக்காரர்கள்தான் அதிகம், ஆகவே வேலையை நிதானமாகப் பார்க்க ஆடி மாதமே போய்விடுவது நல்லது.