துணை வேடத்திலேயே நிலைத்த ஆச்சி மனோரமா

கோலாலம்பூர்: உள்ளூர்த் தொலைக்காட்சி நாடகங்களில் அக்கா, அத்தை வேடங்களில் வரும் நம் கலைஞர்களுக்கு முன்னோடி என்றால் அது ‘ஆச்சி’ மனோரமாதான்.

மன்னார்குடியில் பிறந்து, பள்ளத்தூரில் வளர்ந்து, மேடை நாடகங்களில் நடித்து வந்தவரை 1958இல் ‘மாலையிட்ட மங்கை’ படத்தில் நகைச்சுவை வேடத்தில் அறிமுகப்படுத்தினார் கவிஞர் கண்ணதாசன். 1963இல் ‘கொஞ்சும் குமரி’யில் கதாநாயகியாகவும் நடித்தார். ஆனாலும் அந்த இடத்துக்காக அவர் காத்திருக்கவில்லை; நகைச்சுவை, அம்மா, பாட்டி என வந்த வேடங்களை ஏற்றார்.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் சிவாஜி, பத்மினிக்கு நடுவிலும் ‘ஜில் ஜில்’ ரமாமணி மனத்தில் நிற்கிறார். மேடையில் பழகிய பேச்சே அதற்குக் காரணம். எந்த வட்டார வழக்கும் அவர் வாயில் இயல்பாக வந்தது.

ஆயிரம் படங்களைத் தாண்டிக் கின்னஸ் புத்தகத்தில் இடம்பெற்ற அவர், ‘புதிய பாதை’ படத்துக்காகத் தேசிய விருதும் 2002இல் பத்மஸ்ரீயும் பெற்றார். 2015 அக்டோபர் 10ஆம் நாள் மறைந்தார். தோட்டத்துத் திடலில் திரை கட்டிப் படம் பார்த்த தலைமுறைக்கு அவர் இன்றும் வீட்டு ஆச்சிதான்.