ரயில்வே எல்லையோரம் வீடு கட்டுவோர் கவனத்திற்கு



சென்ற மாதம் வயதான ஒரு தாயார் நமது அறக்கட்டளை அலுவலகத்துக்கு வந்தார். மகன் சவூதியிலிருந்து அனுப்பிய பணத்தில் வீட்டின் பின்புறம் இரண்டு அறைகள் கட்டியிருக்கிறார். பின்சுவருக்கு அப்பால் ரயில் பாதை. கதவில் ஒட்டிப்போன தாளை மடித்துப் பையில் வைத்திருந்தார். "கையெழுத்துப் போடாமல் இருந்தால் ஒன்றும் செய்ய மாட்டார்கள் என்று சொன்னார்கள், தம்பி" என்றார். அது அவரை வெளியேற்றும் உத்தரவு. ஒட்டி 9 நாட்கள் ஆகியிருந்தன. மேல்முறையீட்டுக்குச் சட்டம் தருவது 12 நாட்கள்தான்.

இத்தகைய வழக்குகளில் இரண்டு வெவ்வேறு கேள்விகள் உள்ளன. அவற்றை ஒன்றாகக் குழப்பிக்கொள்வதால்தான் பலர் நஷ்டப்படுகிறார்கள்.

முதல் கேள்வி: நிலம் யாருடையது?

தன் நிலத்தை ஒருவர் ஆக்கிரமித்துள்ளதாக ரயில்வே கருதினால், அதன் எஸ்டேட் அதிகாரி பொது இடங்களிலிருந்து வெளியேற்றும் 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின் 4ஆம் பிரிவின்படி விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்புவார். பதில் இல்லாவிட்டாலோ, அதை ஏற்காவிட்டாலோ, 5ஆம் பிரிவின்படி உத்தரவு வரும். 9ஆம் பிரிவின்படி மாவட்ட நீதிபதியிடம்தான் மேல்முறையீடு. சிவில் கோர்ட்டில் தடை வாங்கிக்கொள்ளலாம் என்று நாளைக் கடத்தாதீர்கள். அச்சட்டமே அதைத் தடுக்கிறது.

வீட்டு வரி ரசீதும் மின் இணைப்பும் நில உரிமை ஆகாது. "இருபது வருடமாக இருக்கிறோம்" என்பதும் போதாது. அரசு நிலத்தில் அனுபவ பாத்தியதை கோர, 30 ஆண்டுகள் பகிரங்கமாகவும் தொடர்ச்சியாகவும் அனுபவித்ததை நிரூபிக்க வேண்டும். அது எளிதல்ல.

இரண்டாவது கேள்வி: சொந்த நிலத்தில் எவ்வளவு நெருக்கமாகக் கட்டலாம்?

ரயில்வே எல்லையிலிருந்து 30 மீட்டருக்குள், அதாவது ஏறத்தாழ 100 அடிக்குள் கட்டுவதானால், வரைபட அனுமதிக்கு ரயில்வேயின் தடையின்மைச் சான்று கேட்கிறார்கள். பட்டா நம் பெயரில் இருந்தாலும் இது பொருந்தும். தண்டவாளத்திலிருந்து அளந்துவிட்டுப் பலர் ஏமாறுகிறார்கள். அளக்க வேண்டியது ரயில்வேயின் எல்லைக் கல்லிலிருந்து.

சான்றுக்கு அந்தந்த ரயில்வே கோட்ட அலுவலகத்தில் விண்ணப்பிக்க வேண்டும். மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். காரணமற்ற மறுப்பை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். எல்லைத் தகராறுக்காக ரயில்வே மீது சிவில் வழக்குத் தொடுப்பதானால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80ஆம் பிரிவின்படி அந்த ரயில்வேயின் பொது மேலாளருக்கு இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும்.

ஆவணங்களின் அருமைக்கு உத்தராகண்டின் ஹல்த்வானி ஓர் உதாரணம். அங்கே ரயில்வே உரிமை கோரிய நிலத்தில் நாலாயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்கள் இருந்தன. ஒரு வார நோட்டீஸ் கொடுத்து வெளியேற்ற அம்மாநில உயர் நீதிமன்றம் 2022 டிசம்பர் 20 அன்று உத்தரவிட்டது. 2023 ஜனவரி 5 அன்று உச்ச நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது. குத்தகை, ஏலக் கொள்முதல் மூலம் தங்களுக்கு உரிமை உண்டு எனப் பலர் கூறியதையும் மறுவாழ்வுத் தேவையையும் அது கவனத்தில் கொண்டது.

ஆகவே, அஸ்திவாரம் தோண்டும் முன் மூலப் பத்திரம், பட்டா, வில்லங்கச் சான்று, புல வரைபடம் ஆகியவற்றை எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். பணம் கட்டி அரசு சர்வேயரை அழைத்து எல்லையை அளந்துகொள்ளுங்கள். கொத்தனார் சொல்லையும் தரகர் சொல்லையும் நம்பி வெளிநாட்டுச் சம்பாத்தியத்தைச் செங்கல்லாக்க வேண்டாம்.

அந்தத் தாயாருக்காக 11ஆம் நாள் மேல்முறையீடு தாக்கல் செய்யப்பட்டது. முதல் நோட்டீசுக்கே பதில் தந்திருந்தால் புல வரைபடத்தை அப்போதே காட்டியிருக்கலாம். வழக்கு நடக்கிறது, அவருக்காக துஆ செய்யுங்கள். உங்கள் வீட்டுக்கு இப்படி ஒரு தாள் வந்தால், வந்த தேதியை அதன் மேல் எழுதி, அன்றே வழக்கறிஞரிடமோ நம் அலுவலகத்துக்கோ கொண்டுவாருங்கள்.

வஸ்ஸலாம்.
செயலாளர்