பாதியாக வகுப்பதும் பாதியால் வகுப்பதும்

1¾ ÷ ½ என்று கரும்பலகையில் எழுதினால், பின்னக் கணக்குப் படித்த மாணவன் உடனே விடை சொல்லிவிடுவான். ½-ஐத் தலைகீழாக்கினால் 2, பெருக்கினால் 3½. ஆனால் இந்தக் கணக்கு வரும்படியான ஒரு நிகழ்ச்சியை வாழ்க்கையிலிருந்து சொல்லும்படி கேட்டுப் பாருங்கள். பெரியவர்களும் தடுமாறுவார்கள். லிபிங் மா என்னும் கல்வி ஆய்வாளர் தொடக்கப் பள்ளி ஆசிரியர்களிடம் இதையே கேட்டு, கண்டதை 1999-இல் நூலாக வெளியிட்டார். அமெரிக்க ஆசிரியர் 23 பேரில் கருத்துப் பிழையில்லாத கதை சொன்னவர் ஒருவரே! சீன ஆசிரியர் 72 பேரிலோ பத்துக்கு ஒன்பது பேர் சரியாகச் சொன்னார்கள்.

தவறியவர்களில் பலர் சொன்னது, ஒன்றே முக்கால் பங்குப் பண்டத்தை இருவர் சமமாகப் பிரித்துக்கொள்ளும் கதை. அது 1¾ ÷ 2 அல்லவா? ஆளுக்கு 7/8 தான் கிடைக்கும். அது பாதியாக வகுப்பது. நமக்கு வேண்டியது பாதியால் வகுப்பது. கடைசி எழுத்து ஒன்று மாறியதில் விடை நான்கு மடங்கு மாறிவிட்டது.

பாதியால் வகுப்பதென்றால், 'இதற்குள் எத்தனை பாதி இருக்கிறது?' என்று கேட்பதாகும். 1¾ லிட்டர் எண்ணெயை அரை லிட்டர்ப் புட்டிகளில் ஊற்றினால் மூன்று புட்டி நிறையும். நான்காவதில் பாதி நிற்கும். ஒரு படியில் எத்தனை ஆழாக்கு என்று கேட்டால் நம் பாட்டிமார் எட்டு என்பார்கள். 1 ÷ 1/8 என்பதும் அதுதான். வகுத்தால் எண் குறையத்தான் வேண்டும் என்ற எண்ணம் இங்கே உதவாது.

வேறொரு வகைக் கணக்கும் உண்டு. முக்கால் வயலை உழ 1½ மணி நேரம் ஆயிற்று. அதே வேகத்தில் உழுதால், முழு வயலுக்கு எவ்வளவு நேரம்? இங்கே 'எத்தனை' என்ற கேள்வியே இல்லை. ஆனாலும் இது 1½ ÷ ¾ தான். முக்கால் என்பது மூன்று கால். ஆகவே 1½-ஐ 3-ஆல் வகுத்தால் கால் வயலுக்கு அரை மணி. முழு வயலில் நான்கு கால். எனவே 4-ஆல் பெருக்க, 2 மணி. மூன்றால் வகுத்து நான்கால் பெருக்கினோம், அதாவது 4/3-ஆல் பெருக்கினோம். தலைகீழாக்கும் விதி எங்கிருந்து வந்தது என்பது இப்போது தெரிகிறதா? விதியை மனப்பாடம் செய்யுமுன் இப்படி ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்பது நல்லது.

மீதி வரும் கணக்குகளில்தான் மிகுந்த கவனம் வேண்டும். ஒரு பைக்கு ¾ மீட்டர் துணி தேவை. 5 மீட்டரில் எத்தனை பை தைக்கலாம்? 5 ÷ ¾ = 6⅔. ஆறு பைகள் சரி; மிச்சத் துணி ⅔ மீட்டர் என்று எழுதினால் தவறு. ⅔ என்பது ஒரு பையில் மூன்றில் இரண்டு பங்கு. ¾ மீட்டரில் அந்தப் பங்கு அரை மீட்டர். ஆறு பைகளுக்கு 4½ மீட்டர் போக, தையற்காரர் மேசையில் கிடப்பதும் அந்த அரை மீட்டர்தான்.