திரைக்குப் பின்னே நின்ற கே. ராம்நாத்

ஊத்துக்கோட்டைக்கு அருகேயுள்ள சத்தியவேடு, தமிழும் தெலுங்கும் ஒரே தெருவில் வழங்கும் எல்லையூர். செங்கற்பட்டு மாவட்டத்தில் இருந்த அவ்வூர், 1960ஆம் ஆண்டு ஏப்ரல் 1ஆம் தேதி சித்தூர் மாவட்டத்தோடு சேர்ந்தது. 2022இல் திருப்பதி மாவட்டத்தில் அமைந்தது. சித்தூர் என்றதுமே, பழைய படங்களில் பற்றுள்ள நம்மவர்க்கு வி. நாகையா நினைவுக்கு வருவார். அவர் பெயரோடு ஊரின் பெயரும் ஒட்டி நிலைத்துவிட்டது. ஆனால் அவரைப் படம் பிடித்த கே. ராம்நாத்தை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

திருவனந்தபுரத்தில் பிறந்த ராம்நாத், தொழிலை நாடி ஊர்விட்டு ஊர் சென்றவர். கோலாப்பூரில் பிரபாத் நிறுவனத்தார் எடுத்த ‘சீதா கல்யாணம்’ (1934) என்ற தமிழ்ப் படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். உடன் சென்ற நண்பர் ஏ. கே. சேகர் அரங்கங்களை அமைத்தார். மொழி தெரியாத ஊரில் வித்தை கற்று, அதனைச் சென்னைக்குக் கொண்டுவந்தனர் இவ்விருவரும்.

பிறகு வாஹினி நிறுவனத்தில், நாகையா நடித்த ‘வந்தே மாதரம்’ (1939) என்னும் தெலுங்குப் படத்துக்கு ராம்நாத்தே ஒளிப்பதிவாளர். எடுத்த காட்சியை உடனே பார்க்க வழியில்லாத காலம் அது. பிலிம் சுருள் இரசாயனச் சாலைக்குச் சென்று திரும்பும் வரை, விளக்கை வைத்த இடம் சரியா என்பது தெரியாது. கண்ணும் அனுபவமுமே துணை.

ஒளிப்பதிவோடு அவர் நிற்கவில்லை. கதையமைப்பிலும் தயாரிப்பு நிர்வாகத்திலும் கைவைத்தார். ஜெமினியின் ‘சந்திரலேகா’வில் (1948) நாடே வியந்த முரசு நடனத்தைத் திட்டமிட்டதில் அவருக்குப் பெரும் பங்குண்டு. ஆனால் படம் வெளிவருமுன்பே அவர் அந்த ஸ்டூடியோவை விட்டு விலகிவிட்டார். புகழ் முழுவதும் இயக்குநர் எஸ். எஸ். வாசனையே சேர்ந்தது.

அதன்பின் அவரே இயக்குநரானார். கோவை பட்சிராஜாவில் ‘ஏழை படும் பாடு’ (1950) உருவாயிற்று. விக்டர் ஹ்யூகோவின் பிரெஞ்சு நாவலைத் தழுவிய அப்படத்தின் நாயகரும் நாகையாதான். முன்பு ஒளிப்பெட்டியின் வழியே கண்ட முகத்தை, இப்போது இயக்குநராக நடத்தினார். போலீஸ் அதிகாரி ஜாவராக நடித்தவர், அதுமுதல் ‘ஜாவர்’ சீதாராமன் ஆனார். அடுத்த ஆண்டே எம். ஜி. ஆர். நடித்த ‘மர்மயோகி’ வந்தது. நடிகர்களுக்கு நிலைத்த பெயர் கிட்டியது. ராம்நாத்தோ ஐம்பது வயதையும் எட்டாமல் 1956இல் காலமானார்.

பிறந்த மண்ணைவிட்டு வந்து, பிறர் பெயரில் வெளிவரும் காரியங்களுக்குத் தோள் கொடுக்கும் நம் குடும்பத்தினர்க்கு இவ்வாழ்வு அந்நியமன்று. ஒரு வேலைக்கென வந்து நான்கு வேலை கற்றவர்கள் நம்மிடையே எத்தனையோ பேர். அவர்கள் உழைப்பும் வீட்டாருக்கே சரிவரத் தெரிவதில்லை.

பழைய படங்களில் தொழிற்கலைஞர்களின் பெயர்கள் தொடக்கத்திலேயே வந்துவிடும். அடுத்த முறை பிள்ளைகளுடன் அத்தகைய படமொன்றைக் காண அமரும்போது, சற்று முன்னதாகவே அமர்வோம். அப்பெயர்களை அவர்களைக் கொண்டு உரக்கப் படிக்கச் செய்வோம். தமிழ் எழுத்துப் பயிற்சியும் ஆகும். உழைத்தவர்க்கு நாம் செலுத்தும் நன்றியும் ஆகும்.