பாலையில் ஒரு பகல்

தமிழர் நிலத்தை ஐந்தாகப் பகுத்தனர் என்று நாம் வகுப்பிலே கற்பித்து வருகிறோம். மலை, காடு, வயல், கடல் ஆகிய நான்கையும் படம் வரைந்து காட்டுவதில் ஆசிரியருக்கு யாதோர் இடர்ப்பாடும் இல்லை. பாலைக்கு வரும்போதுதான் கை தயங்கும். ஸ்காபரோவில் எமது எட்டாம் வகுப்பில் ஒரு சனிக்கிழமை, வெண்பலகையில் ஒரு மணல்மேட்டையும் அதன்மேல் ஒரு கள்ளியையும் நான் வரைந்து முடித்தபோது மாணவி ஒருத்தி எழுந்தாள். "சேர், யாழ்ப்பாணத்தில பாலைவனம் இருக்கோ? தமிழ்நாட்டில இருக்கோ? இல்லாத இடத்துக்கு என்னத்துக்குப் பெயர்?" என்று கேட்டாள். வடமராட்சி மணற்காட்டைச் சொல்லிச் சமாளித்தேன். அவள் அமர்ந்துவிட்டாள். ஆயினும் நான் கூறியது விடையாகாது என்பது எங்கள் இருவருக்குமே விளங்கியிருந்தது.

மூதுரையில் கானமயில் ஆடக் கண்டு தானும் சிறகை விரித்த வான்கோழியின் கதை வருகிறதல்லவா? பாலையைக் காணாமலே இருபது ஆண்டுகள் பாலையைப் படிப்பித்த என் நிலையும் அதுவே என்று அன்று மாலை எண்ணிக்கொண்டேன். 2024ஆம் ஆண்டு டிசெம்பரில் தமக்கையாரின் மகள் திருமணத்திற்காகச் சென்னைக்குச் செல்ல நேர்ந்தது. திருமணம் முடிந்தபின் அத்தானையும் அழைத்துக்கொண்டு இராஜஸ்தான் மாநிலத்து ஜெய்சால்மருக்குப் பயணமானேன். அங்கேயுள்ள பாலைவனத் தேசியப் பூங்காவை வழிகாட்டி ஒருவரின் துணையோடு ஒரு பகற்பொழுதில் பார்த்து வந்ததைப் பற்றியதே இக்கட்டுரை.

இப்பூங்கா 1980இல் அறிவிக்கப்பட்டது. ஜெய்சால்மர், பார்மர் ஆகிய இரு மாவட்டங்களிலும் 3,162 சதுர கிலோ மீற்றர் பரந்து கிடக்கிறது. பெயர் தேசியப் பூங்கா என்றிருப்பினும் சட்டப்படி இது வனவிலங்குச் சரணாலயமே. எழுபதுக்கு மேற்பட்ட ஊர்கள் இதன் எல்லைக்குள் இருப்பதை நோக்க இது வியப்பன்று. பாலை என்றால் ஆளற்ற வெளி என்று எண்ணுவோர் அறியவேண்டிய செய்தி, உலகப் பாலைவனங்களுள் மக்கள் மிக நெருக்கமாக வாழ்பவற்றில் தார் ஒன்றாகும் என்பது.

மழை ஏன் அங்கே பொய்க்கிறது? வங்கக் கடலிலிருந்து புறப்படும் பருவக்காற்று வட இந்தியாவைக் கடந்து வருமுன்னரே தன் நீரையெல்லாம் கொட்டிவிடுகிறது. அரபிக்கடற் காற்றோ ஆரவல்லி மலைத்தொடருக்கு இணையாகவே வீசிச் செல்வதால், மலையில் மோதி மேலெழுந்து முகிலாகும் வாய்ப்பு அதற்குக் குறைவு. எனவே ஆண்டொன்றுக்கு 150 முதல் 200 மில்லி மீற்றர் வரையான மழையே ஜெய்சால்மருக்கு வாய்க்கிறது. ரொறன்ரோவில் மழையும் பனியுமாக ஏறத்தாழ 800 மில்லி மீற்றர் பெய்கிறது என்பதை ஒப்புநோக்குக.

முதல்நாள் மாலை நகருக்கு 17 கிலோ மீற்றர் தொலைவிலுள்ள ஆகல் என்னுமிடத்திற்குப் போயிருந்தோம். ஏறத்தாழ 18 கோடி ஆண்டுகளுக்கு முன் அங்கே காடு இருந்தது. அம்மரங்கள் கல்லாகிக் கிடக்கின்றன. பட்டையும் நாரும் தெரிகின்றன. தொட்டால் கல்லின் குளிர்ச்சி. முல்லையும் குறிஞ்சியும் முறைமை திரிந்து தம் இயல்பு கெட்டுப் பாலையாகும் என்று சிலப்பதிகாரம் கூறுவதை எத்தனையோ முறை விளக்கியிருக்கிறேன். இளங்கோவடிகள் கருதியது ஒரு கோடைக்காலத்து வறட்சியை. ஆகலில் கிடப்பது யுகக்கணக்கில் நிகழ்ந்த திரிபு. எனினும் நிலம் திரியும் என்ற உண்மை ஒன்றே என்று எனக்குப் பட்டது.

மறுநாள் வைகறையில் ஜீப் வண்டி வந்தது. டிசெம்பர்க் குளிரில் என் ரொறன்ரோ மேலங்கி நன்றாகவே உதவிற்று. கோடையில் ஐம்பது பாகையை நெருங்கும் வெயில் காயும் இடமாதலால் நவம்பர் முதல் பெப்ரவரி வரையே பயணத்திற்கு உகந்த காலம். பூங்காவினுள் நுழைய வனத்துறையின் அனுமதி வேண்டும். பாகிஸ்தான் எல்லையை ஒட்டிய பகுதிகளுக்கு வெளிநாட்டுக் கடவுச்சீட்டு உடையோர் தனி அனுமதி பெறவேண்டும். எங்களுடைய வழிகாட்டி பூங்காவுக்குள்ளிருக்கும் ஊரொன்றிலே பிறந்தவர். என் தொழிலைக் கேட்டறிந்ததும் "மாஸ்டர்ஜி" என்றே அழைக்கலானார். அவர் விதித்த கட்டளைகள் மூன்று: வண்டியை விட்டு இறங்கக் கூடாது, உரக்கப் பேசக் கூடாது, ஒரு கடதாசித் துண்டையேனும் வீசக் கூடாது. தண்ணீர்ப் போத்தல்களை அவரே எண்ணி ஏற்றினார்.

விடிந்தபோது சுதாசரி என்னும் பகுதியில் நின்றோம். நான் எதிர்பார்த்த மணல்மேடுகள் அங்கே இல்லை. பூங்காவின் பாதிக்கும் குறைவான பரப்பே மணற்குன்று. எஞ்சியது கல்லும் இறுகிய மண்ணும் சேவண் என்னும் புல்லும் குட்டை மரங்களும். என் வெண்பலகைப் படம் அப்போதே அழிந்துபோயிற்று. சிங்காரா எனப்படும் சிறுமான்கள் புற்களுக்கிடையே தலைதூக்கிப் பார்த்தன. நீரருந்தாமலே, இலையிலும் பனியிலும் உள்ள ஈரத்தைக் கொண்டு அவை நெடுநாள் வாழுமாம். கலைமான் தன் நிழலிலே பிணைமானை நிறுத்திக் காக்கும் காட்சியைக் கலித்தொகையிற் படித்தவர்களுக்கு அம்மான்களைக் கண்டதும் நெஞ்சு இளகும்.

ஒரு மரத்தடியில் வழிகாட்டி வண்டியை நிறுத்தினார். முள்ளும் சிற்றிலையும் கொண்ட மரம். "கேஜ்ரி," என்றார். இதன் வேர் மிக ஆழம் செல்வதால் கடுங்கோடையிலும் பச்சை மாறாது. இலை ஆட்டுக்கும் ஒட்டகத்துக்கும் உணவு. காய் மனிதருக்குக் கறி. 1730ஆம் ஆண்டில் ஜோத்பூருக்கு அருகே கேஜ்ரலி என்ற ஊரில் இம்மரங்களை அரசன் ஆட்கள் வெட்ட வந்தபோது பிஷ்னோய் மக்கள் 363 பேர் மரங்களைக் கட்டியணைத்து உயிர்விட்டனர் என்பது வரலாறு. நான் குறிப்பெடுத்துக்கொண்டிருக்கையில் அத்தான் கீழே கிடந்த காயொன்றை வாங்கிப் பார்த்துவிட்டு, "இது வன்னி மரமல்லவோ? விருத்தாசலம் கோயிலில் தலமரமாக நிற்கிறதே!" என்றார்.

எனக்கு வெட்கமாயிருந்தது. வன்னி மண்ணிலே ஆசிரியனாயிருந்தவன் நான். அந்நிலப் பெயருக்கு இம்மரத்தைக் காரணங்காட்டுவோரும் உளர். நவராத்திரி முடிவில் எமது கோயில்களில் மானம்பூத் திருவிழாவன்று வாழையை நாட்டி, அதனை வன்னியாகப் பாவித்து வெட்டுவதை ஆண்டுதோறும் பார்த்து வளர்ந்தவன். ஆனால் மரத்தை நேரிற் கண்டு பெயர் சொல்லத் தெரியவில்லை. வாழையை வன்னியென்று பாவித்துப் பழகிய கண்ணுக்கு வன்னி புலப்படவில்லை போலும்.

இனிக் கானமயிலுக்கு வருவோம். மூதுரைக்கு உரை சொல்லும்போது காட்டு மயில் என்றே நாம் பொருள் கொள்கிறோம், அது தவறன்று. ஆயினும் இன்று பறவையியல் நூல்கள் தமிழிற் கானமயில் என்று குறிப்பது வேறொரு பறவையை. அது ஒரு மீற்றர் உயரமுடையது. ஆண்பறவை பதினைந்து கிலோ வரை நிறுக்கும். பறக்கும் பறவைகளுள் மிகக் கனத்தவற்றில் ஒன்று. இராஜஸ்தானியர் கோடாவண் என்பர். அம்மாநிலத்தின் அரசுப் பறவையும் அதுவே. (இடையே ஒரு சொல்: நன்றிநவிலல் நாளில் ரொறன்ரோவில் நாம் உண்ணும் வான்கோழி அமெரிக்கக் கண்டத்துப் பறவை. கொலம்பஸ் வருமுன் நம் நாட்டில் அது இருந்திருக்க முடியாது. அப்படியாயின் ஔவையார் சொன்ன வான்கோழி எது? மாணவர் எவரேனும் ஆராய்வாராக.)

முன்னாளிற் பஞ்சாப் தொடக்கம் தமிழ்நாடு வரை இந்தியப் புல்வெளிகளிலெல்லாம் கானமயில் திரிந்தது. 1969இல் ஏறத்தாழ 1,260 இருந்ததாகக் கணக்கிட்டனர். இப்போது இயற்கையில் எஞ்சியிருப்பன நூற்றைம்பதுக்கு மேற்படா. அவற்றிலும் பெரும்பாலானவை இந்தத் தார் நிலத்திலேயே உள்ளன. பெட்டை வெறுந்தரையில் ஒரேயொரு முட்டையிடும். நாயும் நரியும் காகமும் அதனை விட்டுவைப்பதில்லை. வேட்டையாடி அழித்தது போக, இன்று பெருங்கூற்றமாய் நிற்பது மின்கம்பி. கானமயிலின் கண்கள் தலையின் இரு பக்கங்களிலும் அமைந்திருப்பதால் நேர்முன்னே உள்ளதை அது நன்கு காணாது. கண்டாலும், கனத்த உடலாதலால் சட்டென்று திரும்பவியலாது. ஜெய்சால்மர்ப் பகுதியிலோ காற்றாலைகளும் சூரியவொளி மின்நிலையங்களும் நாளுக்கு நாள் பெருகுகின்றன. கம்பிகளை நிலத்தடியிற் புதைக்கவேண்டும் என்று 2021 ஏப்ரலில் இந்திய உச்சநீதிமன்றம் பரந்த நிலப்பரப்புக்கு ஆணையிட்டது. அது நடைமுறைக்கு அரிது என்று அரசு முறையிட, 2024 மார்ச்சில் அவ்வாணையைத் தளர்த்தி ஆராய்வதற்கு ஒரு குழுவை நியமித்தது. புகை கக்காத மின்சாரம் உலகுக்கு வேண்டும் என்பதை மறுப்பாரில்லை. ஆயினும் அம்மின்சாரம் செல்லும் கம்பியிலேயே இப்பறவை மாய்கிறது. இதில் எப்பக்கம் நிற்பது என்று ஜீப்பில் இருந்தவாறே நானும் அத்தானும் வாதிட்டோம். முடிவு காணவில்லை.

முட்டைகளை எடுத்து வந்து பொரிக்கவைத்துக் குஞ்சுகளை வளர்க்கும் நிலையம் ஒன்று 2019இல் சாம் என்னும் ஊரில் தொடங்கப்பட்டது. எடுத்த முட்டைக்கு ஈடாகப் பெட்டை இன்னொன்று இடுவதுமுண்டு என்பதால் இது இயலுகிறது. 2024 ஒக்ரோபரில் செயற்கைமுறைக் கருவூட்டலால் முதற்குஞ்சு பிறந்தது. வளர்ப்பிலுள்ளவை நாற்பதைத் தாண்டிவிட்டன. பொதுமக்கள் அங்கே செல்ல முடியாது, செல்லாதிருப்பதே நல்லது.

நாங்கள் கண்டது ஒன்று. எட்டு மணியளவில் வழிகாட்டி கையை உயர்த்தினார். புல்லுக்கு மேலே வெண்மையான கழுத்தும் கரிய உச்சியும் தெரிந்தன. தொலைநோக்கியை அவர் என்னிடம் தந்தார். அது எங்களைப் பொருட்படுத்தாமல், கோயில் வீதியில் முதியவர் ஒருவர் நடப்பதுபோல் நின்று நின்று நடந்து சென்று மறைந்தது. "உங்கள் மொழியில் இதற்குப் பெயருண்டா?" என்று வழிகாட்டி கேட்டார். "கானமயில்" என்றேன். "உங்கள் பக்கத்தில் இருக்கிறதா?" என்றார். "பெயர் இருக்கிறது" என்றேன்.

நண்பகலில் அவருடைய ஊரில் கம்பு ரொட்டியும் மோரும், வன்னிக்காயும் கேர் என்னும் காயும் சேர்த்துச் சமைத்த கறியும் உண்டோம். பூங்காவுக்குள் வாழ்வதன் இடர்களை அவர்கள் மறைக்கவில்லை. வீதி போடவும் மின்சாரம் இழுக்கவும் வனத்துறை இசையவேண்டும். வேலியிட்ட இடங்களில் மந்தையை மேயவிடலாகாது. "பறவையும் நாங்களும் ஒன்றாகத்தானே இருந்தோம், வேலி பின்னால் வந்தது" என்றார் வீட்டு முதியவர். சாம் மணற்குன்றுகளைப் பற்றி அதிகம் எழுதேன். ஒட்டகச் சவாரியும் கூடாரங்களும் ஒலிபெருக்கியும் விரும்புவோர்க்கு அது நல்ல இடம்.

திரும்பும் வழியிற் குல்தாரா வந்தது. பாலிவால் அந்தணர்களின் ஊர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து பாழாய்க் கிடக்கிறது. நேரான தெருக்கள், மேற்கூரையற்ற மஞ்சட்கல் வீடுகள், நடுவே ஒரு கோயில். அம்மக்கள் கெட்டிக்கார உழவர். சரிவின் அடியில் நீண்ட மண்ணணை கட்டி மழைநீரைத் தேக்கி, அது வற்றியபின் ஈரமண்ணிலே கோதுமை விதைப்பார்கள்; காதீன் என்பது அதன் பெயர். எங்கள் வன்னிக் குளங்களை அறிந்தவர்களுக்கு அந்த அறிவின் அருமை விளங்கும். கொடிய அமைச்சன் ஒருவனுக்கு அஞ்சி, அயலூர்களோடு சேர்ந்து ஒரே இரவில் அனைவரும் வெளியேறினர் என்பது வழிகாட்டிகள் சொல்லும் கதை. கிணறுகள் வற்றிப் படிப்படியாகக் குடிபெயர்ந்தனர் என்றும், நிலநடுக்கம் என்றும் ஆய்வாளர் கூறுவர்.

"ஒரே இரவில் ஓர் ஊர் காலியாகுமா, மாஸ்டர்?" என்று அத்தான் கேட்டார். ஆகும் என்றேன். 1995 ஒக்ரோபர் 30ஆம் திகதி இரவு வலிகாமம் காலியானது. எனக்குப் பதினாறு வயது. அம்மா மாட்டின் கயிற்றை அவிழ்த்துவிட்டுத்தான் படலையைச் சாத்தினார். நாவற்குழிப் பாலத்தைக் கடக்க இரவு முழுவதும் சென்றது. மழை பெய்துகொண்டிருந்தது. குடையைத் தலைகீழாய்ப் பிடித்து நீரேந்திக் குழந்தைகளுக்குக் கொடுத்தார்கள். இலட்சக்கணக்கானோர் நடந்த அவ்வழியில் மணலில்லை, வெயிலில்லை, கள்ளியில்லை.

தொல்காப்பியர் நால்வகை நிலத்தையே கூறினார். பாலைக்கென நிலம் ஒதுக்கவில்லை. பாலைக்கு உரியது பிரிதல் என்றே இலக்கணம் சொல்கிறது. இதனைத் தேர்வுக்காக மனனஞ் செய்தவன் நான். பின்னர் மாணாக்கரையும் மனனஞ் செய்வித்தேன். குல்தாராவின் ஒரு வாசற்படியில் அமர்ந்திருந்தபோதுதான், தொல்காப்பியர் ஏன் அந்த இடத்தை வெறுமையாக விட்டார் என்பது எனக்கு விளங்கியது. அம்மாணவிக்கு நான் சொல்லியிருக்கவேண்டிய விடையும் அதுவே.

சனவரியில் வகுப்புக்குத் திரும்பினேன். வன்னிக்காயைக் கொண்டுவர ஆசைதான். கனடாச் சுங்கத்தாரின் விதிகளை எண்ணி விட்டுவந்தேன். நிழற்படங்களைக் காட்டினேன். ஆகலின் கல்மரம், கேஜ்ரி, குல்தாராத் தெரு, கடைசியாகப் புல்லின் மேலே ஒரு வெள்ளைப் புள்ளி. அம்மாணவி முன்னுக்கு வந்து அப்புள்ளியைக் கூர்ந்து பார்த்தாள்.

"சேர், அது பறந்ததோ?"

"இல்லை, பிள்ளை. நடந்துதான் போனது."

"அப்ப வயருக்குத் தப்பும்," என்றுவிட்டுத் தன்னிடத்திற் போய் அமர்ந்தாள்.