உதகை மலைச்சரிவும் ஓடும் நிலவும்
நட்சத்திர மண்டலங்களை அளந்த கதை

பங்குனி மாதத்து விடியற்காலை. மணி நான்கு. குளத்தூர்ப் பக்கம் தெருவிளக்கு வெளிச்சம் எட்டாத இடத்தில் நின்று, நிலவில்லாத நாளில் தெற்கு வானத்தை நோக்கினால், வெண்புகை படர்ந்தது போன்ற ஒரு பட்டை கண்ணில் படும். பொழியூரில் வள்ளம் இறக்கும் மீனவர்களுக்கும், முதல் பஸ்ஸைப் பிடிக்க இருட்டிலேயே எழுந்துவிடும் தொழிலாளர்களுக்கும் அது பழகிய காட்சிதான். ஆகாயகங்கை என்றும் பால்வீதி என்றும் சொல்கிறோமே, அது!

அது புகையல்ல. பல்லாயிரம் கோடி நட்சத்திரங்கள். நம் சூரியனும் அதில் ஒன்று. தோசைக்கல் போலத் தட்டையான அந்தக் கூட்டத்தின் குறுக்களவு சுமார் ஒரு லட்சம் ஒளி ஆண்டுகள். நொடிக்கு மூன்று லட்சம் கிலோமீட்டர் வேகத்தில் பாயும் ஒளி, ஓர் ஓரத்திலிருந்து மறு ஓரம் போய்ச் சேர ஒரு லட்சம் ஆண்டுகள் ஆகும். கூட்டத்துக்கு உள்ளேயே இருந்துகொண்டு பக்கவாட்டில் பார்ப்பதால்தான் அது பட்டையாகத் தெரிகிறது.

இதுபோன்ற கூட்டங்களுக்கு நட்சத்திர மண்டலங்கள் என்று பெயர். வானத்தில் அவை கோடிக்கணக்கில் உண்டு. 1926-ல் அமெரிக்க விஞ்ஞானி எட்வின் ஹப்பிள் அவற்றை வடிவம் பார்த்து வகை பிரித்தார். சங்குச் சக்கரம் போலச் சுருண்ட கைகளை உடையவை ஒரு வகை. முட்டை வடிவில் இருப்பவை மற்றொரு வகை. எந்த ஒழுங்கிலும் அடங்காதவை இன்னொரு வகை.

ஆனால் இவையெல்லாம் ஒளியில் தெரியும் வடிவங்கள். கண்ணுக்குத் தெரியாத வடிவமும் சில மண்டலங்களுக்கு உண்டு. அதைக் கண்டறிந்த வரலாற்றில் நமது நீலகிரி மலைக்கும் ஒரு பங்கு இருக்கிறது.

ஒளியில் ஒன்று, வானொலியில் இரண்டு

வானொலிப் பெட்டிக்கு வந்து சேரும் அலைகளைப் போன்ற அலைகள் விண்ணிலிருந்தும் வருகின்றன. சிக்னஸ் என்ற நட்சத்திரக் கூட்டம் தெரியும் திசையிலிருந்து வரும் அலைகள் மிகவும் பலமானவை. 1953-ல் இங்கிலாந்தின் ஜோட்ரல் பேங்க் ஆராய்ச்சி நிலையத்தில் அதை ஆராய்ந்தவர்கள் இருவர். ஒருவர் ஜென்னிசன் என்ற ஆங்கிலேயர். மற்றவர் கல்கத்தாவிலிருந்து சென்ற மிருணாள் குமார் தாஸ் குப்தா.

அவர்கள் கண்டது யாரும் எதிர்பாராதது. அலைகள் நடுவில் இருக்கும் மண்டலத்திலிருந்து மட்டும் வரவில்லை. அதற்கு இருபுறமும், வெகு தூரம் தள்ளி, காவடியின் இரு தொங்கல்கள் போல இரண்டு பகுதிகளிலிருந்து வந்தன. மண்டலத்தின் மையத்தில் உள்ள ராட்சதக் கருந்துளையின் அருகிலிருந்து இரு பக்கமும் பீறிட்டுப் பாயும் தாரைகளே அந்தப் பகுதிகளுக்குத் தீனி போடுகின்றன என்பது பிற்பாடு தெரிய வந்தது. இத்தகையவற்றுக்கு ரேடியோ மண்டலங்கள் என்று பெயர் வந்தது.

சரி, இன்னும் தொலைவில் இருப்பவற்றின் அமைப்பை எப்படி அறிவது? அங்கேதான் சிக்கல். ரேடியோ அலை நீளமானது. அதைக்கொண்டு நுணுக்கமாகப் பார்க்க மிகப் பெரிய கருவி வேண்டும். இரண்டரை சென்டிமீட்டர் அகலமுள்ள ஒரு நாணயம் ஐந்து கிலோமீட்டர் தூரத்தில் எவ்வளவு சிறிதாகத் தெரியுமோ, அந்த நுணுக்கம் தேவை என்று வைத்துக்கொள்ளுங்கள். சுமார் 92 சென்டிமீட்டர் நீளமுள்ள அலையைக் கொண்டு அதைப் பார்க்க வேண்டுமானால், தொலைநோக்கியின் அகலம் 190 கிலோமீட்டர் இருக்க வேண்டும். குளத்தூரில் தொடங்கினால் ஏறக்குறைய கொச்சி வரை நீளும். அப்படி ஒன்றை யாரால் கட்ட முடியும்?

கை கொடுத்த சந்திரன்

இரவில் தேசிய நெடுஞ்சாலையில் வெகு தூரத்தில் ஒரு லாரி வருகிறது. அதன் இரண்டு விளக்குகளும் ஒன்றாகவே தெரிகின்றன. அந்த லாரி ஒரு சுவருக்குப் பின்னால் போகிறது. வெளிச்சம் முதலில் பாதியாகக் குறைகிறது. பிறகு முழுவதும் மறைகிறது. உடனே தெரிந்துவிடுகிறது, விளக்கு ஒன்றல்ல, இரண்டு என்று. இரண்டுக்கும் நடுவே எவ்வளவு நேரம் ஆனது என்று பார்த்தால் அவற்றின் இடைவெளியையும் கணக்கிடலாம்.

வானத்தில் அந்தச் சுவர்தான் சந்திரன். அது நகரும்போது பின்னால் இருக்கும் ரேடியோ மண்டலங்களை மறைக்கிறது. அதன் ஓரம் நகரும் வேகம் துல்லியமாகத் தெரியும். ஆகவே அலை எப்படிப் படிப்படியாகக் குறைந்தது என்பதை நொடிக் கணக்கில் பதிவு செய்தால், மண்டலத்தின் அளவும் அமைப்பும் கிடைத்துவிடும். ஆஸ்திரேலியாவில் 1962-ல் சிரில் ஹசார்ட் குழுவினர் 3சி 273 என்ற பொருளை இந்த வழியில் ஆராய்ந்து, அதன் இடத்தைத் துல்லியமாகக் குறித்தனர். அந்தச் செய்தியைப் படித்தபோது ஓர் இந்திய விஞ்ஞானியின் மனத்தில் பொறி தட்டியது. அவர்தான் டாக்டர் கோவிந்த் ஸ்வரூப்.

உத்தரப் பிரதேசத்தில் பிறந்தவர். அமெரிக்காவின் ஸ்டான்போர்டு பல்கலைக் கழகத்தில் பட்டம் பெற்றவர். டாக்டர் ஹோமி பாபாவின் அழைப்பை ஏற்று 1963-ல் தாயகம் திரும்பி, பம்பாய் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் சேர்ந்தார். சந்திரன் பல மணி நேரம் வானத்தில் நகர்கிறது. அதை விடாமல் தொடரும் பெரிய கருவி வேண்டும். செலவும் குறைவாக இருக்க வேண்டும். என்ன செய்வது?

பதினோரு டிகிரிச் சரிவு

விடை இந்த நாட்டின் மண்ணிலேயே இருந்தது. வடக்கே துருவ நட்சத்திரம் அடிவானத்திலிருந்து எத்தனை டிகிரி உயரத்தில் தெரிகிறதோ, அதுவே ஓர் ஊரின் அட்சரேகை. குளத்தூரில் அது எட்டு டிகிரிக்குச் சற்று மேல். நீட்டிய கையின் முஷ்டி அளவு கூட இல்லை. தென்னை மரங்கள் மறைத்துவிடும். உதகையில் அது பதினொன்றரை டிகிரிக்குச் சற்றே குறைவு. பூமி சுழலும் அச்சு நீண்டு போகும் திசையும் அதுதான்.

வடக்கு நோக்கி அதே அளவு ஏறும் ஒரு மலைச்சரிவு கிடைத்தால்? அதன்மேல் நீளமாகக் கிடத்திய தொலைநோக்கியின் அச்சு, பூமியின் அச்சுக்கு இணையாக அமைந்துவிடும். பிறகு அந்த ஒரே அச்சில் மெல்லச் சுழற்றினால் போதும். பூமி சுழலச் சுழல, தொலைநோக்கி அதற்கு எதிராகத் திரும்பி, வானத்துப் பொருளை விடாமல் பார்த்துக்கொண்டிருக்கும். லண்டனில் இதைச் செய்ய ஐம்பத்தோரு டிகிரிச் சரிவு வேண்டும். அதில் ஆளே நிற்க முடியாது! தென்னாட்டில் அது சாதாரண மலைச்சரிவு.

தேடிப் பிடித்த இடம் உதகைக்கு அருகில் உள்ள முத்தொரை. நீளம் 530 மீட்டர், அகலம் 30 மீட்டர். அதாவது அரை கிலோமீட்டருக்கும் மேல் நீண்ட ஒரு பாதிக் குழாய். சரிவில் வரிசையாக 24 இரும்புச் சட்டங்கள். அவற்றின்மேல், ஒரு கோடியிலிருந்து மறு கோடி வரை இழுத்துக் கட்டிய 1,100 மெல்லிய எவர்சில்வர் கம்பிகள். அந்தக் கம்பிகளே கண்ணாடி. சரிவான நிலத்தில் மட்டம் பிடித்துக் கட்டடம் எழுப்பிய அனுபவம் உள்ளவர்களுக்குத் தெரியும், அரை கிலோமீட்டர் நீளத்துக்கு அச்சு பிசகாமல் நிறுத்துவது எத்தகைய வேலை என்பது. இந்தியப் பொறியாளர்களும் தொழிலாளர்களுமே அதைச் செய்து முடித்தனர். 1966 ஜனவரியில் விமான விபத்தில் இறந்துபோன பாபா இதைப் பார்க்கவில்லை. 1970-ல் கருவி வேலை செய்யத் தொடங்கியது.

பிரபஞ்சத்துக்கு இளமை உண்டா?

அந்தக் காலத்தில் உலக விஞ்ஞானிகளிடையே ஒரு பெரிய வழக்கு நடந்துகொண்டிருந்தது. பிரபஞ்சம் ஒரு காலத்தில் பெருவெடிப்புடன் தொடங்கி, வளர்ந்து, மாறிக்கொண்டே வருகிறது என்றது ஒரு கட்சி. தொடக்கமும் இல்லை, முடிவும் இல்லை, என்றும் ஒரே நிலையில்தான் இருக்கிறது என்றது இன்னொரு கட்சி. இரண்டாவது கட்சியின் தலைவர் பிரெட் ஹாயில். அவருடைய மாணவரும் சகாவுமான ஜெயந்த் நார்லிகர் 1972 முதல் அதே டாடா நிறுவனத்தில் பணியாற்றினார்!

தொலைவைப் பார்ப்பது என்பது பழமையைப் பார்ப்பது. நானூறு கோடி ஒளி ஆண்டு தூரத்தில் இருப்பதைப் பார்க்கிறவர், அது நானூறு கோடி ஆண்டுகளுக்கு முன் இருந்த கோலத்தையே பார்க்கிறார். பிரபஞ்சம் மாறாதது என்றால் அன்றைய மண்டலங்களும் இன்றையவை போலவே இருக்க வேண்டும் அல்லவா?

உதகையில் சில ஆண்டுகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ரேடியோ மூலங்களைச் சந்திரன் மறைக்கும்போது பதிவு செய்தனர். ஸ்வரூப்பும் அவருடைய மாணவர் விஜய் கபாஹியும் அவற்றின் அளவுகளை ஆராய்ந்து 1975-ல் முடிவுகளை வெளியிட்டனர். மங்கலான மூலங்கள், அதாவது பெரும்பாலும் மிகத் தொலைவில் உள்ளவை, மாறாப் பிரபஞ்சக் கொள்கைப்படி இருக்க வேண்டிய அளவைவிடச் சிறியனவாக இருந்தன. ஆதியில் ரேடியோ மண்டலங்கள் வேறு விதமாக இருந்திருக்கின்றன. பிரபஞ்சம் மாறியிருக்கிறது!

வழக்கு இந்த ஒரு சாட்சியால் மட்டும் முடிந்துவிடவில்லை. விண்வெளி எங்கும் பரவியிருக்கும் பெருவெடிப்பின் மிச்ச வெப்பத்தை அமெரிக்காவில் 1965-லேயே கண்டுபிடித்திருந்தனர். அதுவே பெரிய சாட்சி. ஆனால் வேறொரு திசையிலிருந்து வந்து அதே பக்கம் நின்ற சாட்சி, உதகையுடையது.

சந்திரன் போகாத பாதை

சந்திரனை நம்பிய முறைக்கு ஒரு குறை உண்டு. அது செல்லும் பாதையில் இல்லாத மண்டலங்களை என்ன செய்வது? அதற்காக ஸ்வரூப் தலைமையில் புனாவுக்கு வடக்கே நாராயண்காவ் அருகில் எழுந்ததுதான் மற்றொரு கருவி. 45 மீட்டர் அகலமுள்ள 30 கிண்ணங்கள், சுமார் 25 கிலோமீட்டர் தூரத்துக்குப் பரவி நிற்கின்றன. அவை பெறும் அலைகளை ஒன்றாக இணைத்தால், அத்தனை பெரிய ஒரே கருவிக்குரிய நுணுக்கம் கிடைக்கிறது. மண்டலங்களில் உள்ள ஹைட்ரஜன் வாயு எங்கே பரவியிருக்கிறது, எந்த வேகத்தில் சுழல்கிறது என்பதையும் அதில் அளக்கலாம். 2001-ல் அது நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது.

கபாஹி 1999-லும் ஸ்வரூப் 2020 செப்டம்பரிலும் காலமாயினர். முத்தொரைக் கருவி பிற்காலத்தில் பல்சர் எனப்படும் துடிக்கும் நட்சத்திரங்களையும், சூரியனிலிருந்து வீசும் காற்றையும் ஆராயப் பயன்பட்டு வந்திருக்கிறது.

பணமும் பெரிய தொழிற்சாலைகளும் குறைவாக இருந்த காலத்தில், ஒரு மலைச்சரிவும் எல்லோருக்கும் பொதுவான சந்திரனும் மூலதனமாயின. நிலநடுக்கோட்டுக்கு அருகில் இருக்கிறோம் என்பதே ஒரு சொத்து என்று ஒருவர் கண்டுகொண்டார். பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் மேலே இன்றிரவு நகரும் சந்திரன், அந்த ஆயிரம் மண்டலங்களை ஒவ்வொன்றாக மறைத்துக் காட்டிய அதே சந்திரன்தான்.