பாதியில் விட்ட ஃப்ளாஷ் கேம்... இப்போது ஜெயித்துவிடலாம்!

குச்சி போன்ற கை, கால்கள். குத்திட்டு நிற்கும் தலைமுடி. இடுப்புக்குக் கீழே பளீரென்று ஓர் ஆரஞ்சு நிறக் கால்சட்டை. 2006-ம் ஆண்டையொட்டி கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்த பிள்ளைகள் பலருக்கு இந்த அடையாளம் போதும். பெயர் மறந்திருந்தாலும் விரல்கள் தானாக அம்புக்குறி பட்டன்களைத் தேடும்.

அந்த கேமின் பெயர், 'தி ஃபேன்ஸி பேன்ட்ஸ் அட்வென்ச்சர்'. பிரவுசரைத் திறந்தால் போதும், இன்ஸ்டால் செய்யாமலே இலவசமாக ஆடலாம். ஓடு, தாவு, சறுக்கு, எதிரியின் தலைமேல் குதி... அவ்வளவுதான் வேலை. ஆனால், தொடங்கிய எல்லோரும் அதை முடித்துவிடவில்லை. நெட் சென்டரில் வாங்கிய அரை மணி நேரம் தீர்ந்திருக்கும். அல்லது 'என் முறை வந்துடுச்சு, எழுந்திரு' என்று அண்ணன் வந்து நின்றிருப்பான்.

என்றாவது ஒருநாள் முடித்துக்கொள்ளலாம் என்று விட்டவர்களுக்கு, 2020 டிசம்பர் 31 அன்று கதவு சாத்தப்பட்டது. இந்த மாதிரி கேம்களை ஓடவைத்த 'ஃப்ளாஷ் பிளேயர்' அன்றோடு ஓய்வுபெற்றது. சாத்திய கதவைச் சிலர் பொறுமையாக மறுபடியும் திறந்துவைத்திருக்கிறார்கள். அன்று ஏன் ஜெயிக்க முடியவில்லை, இன்று எப்படி ஜெயிக்கலாம் என்று பார்ப்போம்.

பென்சில் கோட்டில் ஓர் உலகம்

ஃபேன்ஸி பேன்ட்ஸை உருவாக்கியவர் பிராட் போர்ன் என்ற அமெரிக்கர். படம் வரைந்தது, புரோகிராம் எழுதியது இரண்டும் அவரே. முதல் உலகம் 2006-லும், இரண்டாவது உலகம் 2008-லும் வந்தன. இரண்டாவது உலகத்தின் கதை குழந்தைகளுக்கு உடனே புரியும்: நாயகனின் ஐஸ்க்ரீமை ஒரு முயல் தூக்கிக்கொண்டு ஓடுகிறது, துரத்த வேண்டும்!

மரியோ வகை கேம்களில் பெரும்பாலும் தரை என்பது அடுக்கிவைத்த செங்கற்கள் மாதிரி கட்டம் கட்டமாக இருக்கும். இங்கே நோட்டுப் புத்தகத்தில் கிறுக்கியது போன்ற வளைந்து நெளிந்த கோடுகள்தான் தரை. சரிவில் இறங்கினால் வேகம் கூடும். மேட்டில் ஏறினால் குறையும். போதிய வேகம் இருந்தால் வட்டப்பாதையில் தலைகீழாகவே ஓடி வெளியே வரலாம். வேகம் போதாவிட்டால் பாதியில் வழுக்கிக் கீழே வரவேண்டியதுதான். சோனிக் ரசிகர்களுக்கு இது பழகிய சங்கதி. ஆனால், ஒரு தனிமனிதர் அதை பிரவுசருக்குள், அதுவும் இவ்வளவு வழவழப்பான அசைவோடு கொண்டுவந்ததுதான் ஆச்சர்யம்.

அதற்குக் கைகொடுத்தது ஃப்ளாஷ். இந்த மென்பொருள் படத்தைப் புள்ளி புள்ளியாகச் சேமிக்காமல், கோடுகளாகவும் வளைவுகளாகவும் கணக்குப் போட்டு வைத்துக்கொள்ளும். அதனால் ஃபைலின் அளவு சிறியதாக இருந்தது. ஆமை வேக இன்டர்நெட்டிலும் முழு கேமும் வந்து சேர்ந்தது. புரோகிராமிங் பெரிதாகத் தெரியாத ஓவியர்கள்கூட கேம் செய்து, டாம் ஃபுல்ப் நடத்திய 'நியூகிரவுண்ட்ஸ்' போன்ற தளங்களில் போட்டார்கள். 2008-ல் அங்கே வந்த 'மீட் பாய்' என்ற சின்ன கேம், 2010-ல் 'சூப்பர் மீட் பாய்' ஆக வளர்ந்து உலகப் புகழ் பெற்றது. நம் ஆரஞ்சு கால்சட்டைக்காரரும் 2011-ல் எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன் வரை போய்விட்டார்.

தோற்றது உங்கள் விரல் மட்டும் இல்லை!

'எனக்கு கேம் வராது' என்று அப்போது நொந்துகொண்ட பலருக்கு ஓர் ஆறுதல் செய்தி. தோல்விக்குப் பாதிக் காரணம் மேஜை மேலேயே இருந்தது.

முதல் குற்றவாளி, கீபோர்டு. மலிவான கீபோர்டுகளில் ஒவ்வொரு பட்டனுக்கும் தனி இணைப்பு கிடையாது. குறுக்கும் நெடுக்குமாகப் போகும் பொதுவான கம்பித் தடங்களில்தான் எல்லா பட்டன்களும் அமர்ந்திருக்கும். குறிப்பிட்ட சில பட்டன்களில் மூன்றை ஒரே நேரத்தில் அமுக்கினால், மூன்றாவதைக் கண்டுபிடிக்க முடியாமல் கீபோர்டு விட்டுவிடும். ஓடிக்கொண்டே, தாவிக்கொண்டே இன்னொன்றும் செய்ய வேண்டிய கட்டத்தில் நாயகன் பள்ளத்தில் விழுவான். 'நான் அமுக்கினேன்!' என்று கத்திய பிள்ளை உண்மையைத்தான் சொன்னது.

இரண்டாவது, சேமிப்பு. ஃப்ளாஷ் கேம்கள் நீங்கள் எட்டிய கட்டத்தை ஒரு சின்ன ஃபைலில், அதே கம்ப்யூட்டரில்தான் எழுதிவைக்கும். அதுவும் எந்த வெப்சைட்டில் ஆடினீர்களோ அதன் பெயரில். நாளைக்கு வேறு கம்ப்யூட்டரில் உட்கார்ந்தால் ஆட்டம் முதலிலிருந்து. அதே கம்ப்யூட்டரில் வேறு வெப்சைட் வழியாகத் திறந்தாலும் முதலிலிருந்துதான். பிரபலமான கேம்கள் பல தளங்களில் நகலெடுத்துப் போடப்பட்டிருந்ததால் இந்தக் குழப்பம் சகஜம்.

மூன்றாவது, கம்ப்யூட்டரின் வேகம். அந்தக் கால ஃப்ளாஷ் கேம்கள் பலவற்றில் நேரம் என்பது கடிகாரக் கணக்கு இல்லை. திரையில் வரும் படச் சட்டங்களின் கணக்கு. கம்ப்யூட்டர் திணறினால் ஆட்டமே மெதுவாகிவிடும். பழைய கம்ப்யூட்டரில் சுலபமாகத் தாண்டிய பள்ளம், புதிய கம்ப்யூட்டரில் கடினமாகத் தெரிந்தால் ஆச்சர்யப்பட வேண்டாம். இப்போதுதான் கேம் அதன் உண்மையான வேகத்தில் ஓடுகிறது!

ஜெயிக்க ஆறு வழிகள்

ஃபேன்ஸி பேன்ட்ஸுக்கு மட்டுமல்ல, இந்த வகை பழைய கார்ட்டூன் கேம்கள் பெரும்பாலானவற்றுக்கும் இவை பொருந்தும்.

1. முதல் கட்டத்தைப் பள்ளிக்கூடமாக நினையுங்கள். முன்னேறாமல் பத்து நிமிடம் சும்மா தாவிப் பாருங்கள். பட்டனைத் தட்டினால் எவ்வளவு உயரம், அமுக்கிப் பிடித்தால் எவ்வளவு உயரம், நின்று தாவினால் எவ்வளவு தூரம், ஓடித் தாவினால் எவ்வளவு தூரம் என்று கைக்குத் தெரிந்துவிட வேண்டும்.

2. விளிம்பைச் சோதியுங்கள். 1949-ல் சக் ஜோன்ஸ் திரைக்குக் கொண்டுவந்த 'ரோடு ரன்னர்' கார்ட்டூனில் வரும் ஓநாயை நினைவிருக்கிறதா? மலை விளிம்பைத் தாண்டி அந்தரத்தில் ஓடும். கீழே பார்த்த பிறகுதான் விழும். கேம் தயாரிப்பாளர்கள் பலர் அதே சலுகையை ஆடுபவருக்கும் தருகிறார்கள். தரையை விட்டு ஒரு நொடியில் சிறு பகுதி கடந்த பிறகும் தாவ விடுவார்கள். அந்த ஓநாயின் பெயரால் இதை 'கயோட்டி டைம்' என்றே அழைக்கிறார்கள். ஆனால், எல்லா பழைய கேமிலும் இந்தக் கருணை கிடையாது. இல்லை என்று தெரிந்தால், விளிம்புக்கு அரை அடி முன்பே தாவுங்கள்.

3. வேகத்தை வீணாக்காதீர்கள். ஃபேன்ஸி பேன்ட்ஸில் ஏற முடியாத மேடு என்று ஒன்று தெரிந்தால், அநேகமாக நீங்கள் போதிய தூரம் பின்வாங்கவில்லை என்று அர்த்தம். சரிவின் உச்சிக்குத் திரும்பிப் போய், நடுவில் நிற்காமல் ஓடி வாருங்கள்.

4. மூன்று பட்டன் சிக்கலைத் தவிருங்கள். தாவுவதற்கு இரண்டு பட்டன்கள் இருக்கும் கேம்களில், அம்புக்குறிகளிலிருந்து தள்ளி இருப்பதைத் தேர்ந்தெடுங்கள். அடிக்கடி 'அமுக்கினேன், கேட்கவில்லை' என்றால் வேறு கீபோர்டை மாட்டிப் பாருங்கள்.

5. பெரிய வில்லனிடம் முதல் ஆட்டத்தை வேண்டுமென்றே தோற்றுவிடுங்கள். முதல் உலகத்தின் முடிவில் ஒரு கோபக்காரப் பென்குயின் காத்திருக்கிறது. இப்படிப்பட்ட வில்லன்கள் கண்டபடி தாக்குவதில்லை. பாய்வது, ஓய்வது என்று ஒரு வாய்ப்பாடு வைத்திருப்பார்கள். அடிக்காமல், தப்பிப்பதை மட்டும் செய்து அந்த வாய்ப்பாட்டை மனப்பாடம் செய்யுங்கள். அது ஓயும் இடம்தான் உங்கள் இடம்.

6. ஒரே இடத்தில் பத்து முறை விழுந்தால் எழுந்து போய்த் தண்ணீர் குடியுங்கள். எரிச்சலில் விரல் பட்டனைச் சீக்கிரம் அமுக்கத் தொடங்கும். நேற்று கைவராத தாவல், தூங்கி எழுந்ததும் கைவருவது கேம் ஆடுபவர்களுக்குப் பழகிய அனுபவம்.

கதவைத் திறந்தவர்கள்

ஃப்ளாஷின் வீழ்ச்சி ஒரே நாளில் நடந்ததல்ல. 2010 ஏப்ரலில் ஸ்டீவ் ஜாப்ஸ் ஒரு திறந்த மடல் எழுதினார். பாதுகாப்புக் கோளாறு, பேட்டரி விரயம், தொடுதிரைக்கு ஒத்துவராமை என்று காரணங்களை அடுக்கி, ஐபோனில் ஃப்ளாஷுக்கு இடமில்லை என்று சொல்லிவிட்டார். உலகம் போனுக்கு மாறியது. ஃப்ளாஷ் கம்ப்யூட்டரிலேயே தங்கிவிட்டது. 2017 ஜூலையில், '2020 இறுதியோடு நிறுத்துகிறோம்' என்று அடோபி நிறுவனம் அறிவித்தது. சொன்னபடியே செய்தது. 2021 ஜனவரி 12 முதல், ஏற்கெனவே கம்ப்யூட்டரில் இருந்த ஃப்ளாஷ் பிளேயரும் கேம்களை ஓட்ட மறுத்தது.

பாதுகாப்புக் காரணங்கள் நியாயமானவை. ஆனால், சுமார் இருபது ஆண்டுகளாகப் பல்லாயிரம் பேர் வரைந்த படங்களும் கேம்களும் அதோடு சேர்ந்து போகவிருந்தன. அவற்றில் பல, ஒரு மாணவரோ பொழுதுபோக்கு ஓவியரோ செய்தவை. காப்பாற்ற எந்தப் பெரிய நிறுவனமும் வராது.

2018 ஜனவரியில் ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த பென் லாட்டிமோர் 'ஃப்ளாஷ்பாயின்ட்' என்ற சேகரிப்பைத் தொடங்கினார். தன்னார்வலர்கள் சேர்ந்தார்கள். மூடப்படும் தளங்களிலிருந்து கேம்களை ஒவ்வொன்றாக எடுத்துவைத்தார்கள். சில கேம்கள், 'என் சொந்த வெப்சைட்டில்தான் ஓடுவேன்' என்று அடம்பிடிக்கும்படி எழுதப்பட்டிருந்தன. அதற்கும் ஒரு வழி கண்டார்கள். உங்கள் கம்ப்யூட்டருக்குள்ளேயே அந்த வெப்சைட் இருப்பது போல ஒரு மாயத்தோற்றத்தை ஃப்ளாஷ்பாயின்ட் உருவாக்குகிறது. கேமும் நம்பி ஓடுகிறது! இன்று அதில் இரண்டு லட்சத்துக்கும் அதிகமான கேம்களும் அனிமேஷன்களும் இருக்கின்றன.

இன்னொரு பக்கம், 'ரஃபிள்' என்ற இலவச மென்பொருளை எழுதியவர்கள், பழைய ஃப்ளாஷ் ஃபைலை இன்றைய பிரவுசரே புரிந்துகொள்ளும்படி செய்தார்கள். நியூகிரவுண்ட்ஸ் இதைப் பயன்படுத்துகிறது. 'இன்டர்நெட் ஆர்க்கைவ்' தளமும் 2020 நவம்பரில் இதை இணைத்துக்கொண்டு, ஃப்ளாஷ் கேம்களுக்கென்று ஒரு பகுதியைத் திறந்தது.

போனில் ஆடலாமா?

ரஃபிள் இருக்கும் தளங்களில் பல கேம்கள் போன் பிரவுசரிலும் திறக்கும். சிக்கல் என்னவென்றால், இவை கீபோர்டுக்காகச் செய்யப்பட்டவை. தொடுதிரையில் அம்புக்குறிக்கு எங்கே போவது? ப்ளூடூத் கீபோர்டு இருந்தால் இணைக்கலாம். ஓடிஜி வசதியுள்ள ஆண்ட்ராய்டு போனில் சாதாரண யுஎஸ்பி கீபோர்டையே மாட்டலாம். எதுவும் இல்லையென்றால் வீட்டில் இருக்கும் பழைய லேப்டாப்தான் சிறந்த மைதானம்.

ஓர் எச்சரிக்கை. 'ஃப்ளாஷ் பிளேயரை இங்கே டவுன்லோடு செய்யுங்கள்' என்று அழைக்கும் எந்த பட்டனையும் தொட வேண்டாம். போலி ஃப்ளாஷ் அப்டேட் என்பது வைரஸ் பரப்புபவர்களின் பழைய தந்திரம். ரஃபிள் உள்ள தளத்தில் தனியாக எதையும் இன்ஸ்டால் செய்யத் தேவையே இல்லை.

வீட்டில் இரண்டு பிள்ளைகள் இருந்தால் 2009-ல் வந்த 'ஃபயர்பாய் அண்ட் வாட்டர்கேர்ள்' நல்ல தேர்வு. ஒரே கீபோர்டில் இருவர் ஆடும் கேம் இது. நெருப்புப் பையன் தண்ணீரில் விழக் கூடாது. தண்ணீர்ப் பெண் நெருப்பில் விழக் கூடாது. ஒருவர் கதவைத் திறக்க, மற்றவர் பட்டனை மிதித்து நிற்க வேண்டும். ஒருவர் மட்டும் ஜெயிக்க முடியாது என்பதால் சண்டையும் நடக்கும், சமாதானமும் நடக்கும்.

காப்பாற்ற முடியாமல் போன கேம்களும் உண்டு. சர்வரை நம்பி ஓடிய கேம்களின் ஃபைல் கையில் இருந்தாலும், சர்வர் மூடப்பட்டுவிட்டால் ஆட்டம் தொடங்காது. சிலவற்றை யாரும் எடுத்துவைக்கவே இல்லை. ஆரஞ்சு கால்சட்டைக்காரருக்கு அந்த நிலை வரவில்லை. வாய்ப்பாடு தெரிந்தவர்களுக்காகப் பென்குயின் இன்னும் அதே கோபத்தோடு காத்திருக்கிறது. இந்த முறை எழுந்திருக்கச் சொல்ல அண்ணனும் பக்கத்தில் இல்லை, நிதானமாக ஆடுங்கள்!